அறுபத்திரண்டு எங்கிருந்து வந்தது

முகாமின் முதல் நாளே டெல்ஃபின் ஓர் அணு உலையைக் காப்பாற்றினாள்.

நிஜ உலை இல்லை. கட்டுப்பாட்டு அறையை அச்சு மாறாமல் அப்படியே செய்து வைத்திருந்த சிமுலேட்டர். பிளஸ் டூ முடித்துவிட்டு அணுப் பொறியியல் படிக்கலாமா என்று யோசிக்கும் பிள்ளைகளுக்காக அந்த அணுமின் நிலையம் வருடா வருடம் மே மாதத்தில் மூன்று நாள் முகாம் நடத்தும். அந்த வருடம் நாற்பது பேர் வந்திருந்தார்கள். நான்கு நான்கு பேராக உட்கார வைத்து, சொல்லாமல் கொள்ளாமல் ஒரு கோளாறை உள்ளே நுழைத்தார்கள். சிவப்பு விளக்குகள் எரிந்தன. மணி அலறியது.

டெல்ஃபினின் குழுவுக்குக் கோயம்புத்தூரிலிருந்து வந்த ஆதவ்தான் தலைவன், அதாவது அவனே அப்படி முடிவு செய்துகொண்டிருந்தான். "தண்ணி மட்டம் ஏறிட்டே போகுது. பம்பை நிறுத்து!" என்று கத்தினான்.

"நிறுத்தாத!" அவன் கையைத் தட்டிவிட்டாள் டெல்ஃபின். "மட்டம் ஏறுதுன்னு காட்டுது, ஆனா அழுத்தம் இறங்குது பாரு. ரெண்டும் ஒண்ணா நடக்காது. ஏதோ ஒரு மீட்டர் பொய் சொல்லுது. எங்கேயோ வால்வு திறந்து கிடக்கு, தண்ணி வெளிய போயிட்டிருக்கு."

திறந்து கிடந்த வால்வை அவளே தேடிப் பிடித்து மூடினாள். மற்ற ஒன்பது குழுக்களின் உலைகளும் உருகிப் போயின. பயிற்சியாளர் அவளுடைய பெயரைக் கேட்டு எழுதிக்கொண்டார். ஊரைக் கேட்டார்.

"கரும்பொழி" என்றாள்.

அவர் பேனா ஒரு நொடி நின்றது. கரும்பொழி நிலையத்தின் மதில்சுவரை ஒட்டிய கடற்கரை ஊர். அந்த ஊர்க்காரர்கள் நூற்றுக்கணக்கானவர்கள் இங்கே வேலை செய்தார்கள். எல்லோரும் மேற்கு வாசல் வழியாக வருவார்கள், உலையின் உட்பகுதிக்குள் போவார்கள், வெளியே வந்து குளித்துவிட்டு மேற்கு வாசல் வழியாகவே திரும்புவார்கள். டெல்ஃபினின் அப்பா சேசடிமையும் பன்னிரண்டு வருடமாக அப்படித்தான் போய் வந்தார். கட்டுப்பாட்டு அறை இருக்கும் கிழக்குக் கட்டடத்துக்குள் கரும்பொழியிலிருந்து கால் வைத்த முதல் ஆள் டெல்ஃபின்தான்.

இரண்டாம் நாள் காலையில் எல்லோருக்கும் ரத்தம் எடுத்தார்கள்.

அதைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். கதிர்வீச்சு பட்டால் உடம்பின் செல்கள் சிதையும். சிதைந்ததை உடம்பே ஓரளவு சரிசெய்துகொள்ளும். ஒருவர் உடம்பு எவ்வளவு வேகமாகச் சரிசெய்கிறது என்று ஒரு சொட்டு ரத்தத்தில் கண்டுபிடிக்கும் சோதனை வந்து இருபது வருடத்துக்கு மேல் ஆகியிருந்தது. நூற்றுக்கு இத்தனை என்று எண் வரும். அதற்கு 'மீட்பு எண்' என்று பெயர் வைத்தார்கள். எழுபதுக்கு மேல் உள்ளவர்கள் மட்டுமே உலையின் உட்பகுதிக்குள் போகலாம் என்று சட்டமும் வந்தது. சட்டம் போட்டவர்கள் தொழிலாளிகளைக் காப்பாற்றத்தான் நினைத்தார்கள். நாட்டில் பெரும்பாலோருக்கு இருபது, முப்பதைத் தாண்டாது. கரும்பொழியில் மட்டும் எண்பது, தொண்ணூறு. கரும்பொழி மணலில் இயற்கையாகவே கதிர்வீச்சு உண்டு, ஆயிரம் வருடமாக அதிலேயே கிடந்து அந்த ஊர்க்காரர்களின் ரத்தம் உரமேறிவிட்டது என்று நிபுணர்கள் சொன்னார்கள். ஊர்க்காரர்களுக்கும் கேட்கப் பெருமையாக இருந்தது. மீட்பு என்பது மாதா கோயிலில் கேட்டுப் பழகிய சொல் வேறு.

டெல்ஃபினின் எண் தொண்ணூற்றொன்று. பெரிய திரையில் அது வந்ததும் கைதட்டினார்கள். ஆதவுக்கு இருபத்திரண்டு. அவன் வெட்கப்பட்டுத் தலையைச் சொறிந்துகொண்டான்.

மதியம் பயிற்சி இயக்குநர் கோதண்டபாணி அவளைத் தன் அறைக்கு அழைத்து ஒரு கடிதத்தைக் கையில் கொடுத்தார். "கங்கிராட்ஸ்மா! நேரடி சீட். நுழைவுத் தேர்வே வேண்டாம். ஹாஸ்டல், சாப்பாடு எல்லாம் இலவசம்."

டெல்ஃபின் வாசித்தாள். "இதுல 'உட்பணிப் படிப்பு'ன்னு போட்டிருக்கு சார். நான் உலை வடிவமைப்புக்குத்தான் எழுதிக் கொடுத்தேன்."

"எழுபதுக்கு மேல வந்தா உட்பணிதாம்மா. விதி அப்படி."

"ஆதவுக்கு என்ன கொடுத்தீங்க?"

"அவனுக்கு வடிவமைப்பு. அவனோட எண்ணுக்கு அவனை உள்ள அனுப்ப முடியுமா, சொல்லு?"

"அவன் நேத்து உலைய உருக்கப் பாத்தான் சார்."

கோதண்டபாணி சிரித்தார். கெட்ட மனிதரின் சிரிப்பு இல்லை அது. அதுதான் அவளுக்கு இன்னும் எரிந்தது. "அது கத்துக்கலாம். வடிவமைப்பை யாருக்கு வேணாலும் சொல்லிக் கொடுத்துடலாம். உன் ரத்தத்தை யாருக்கும் சொல்லிக் கொடுக்க முடியாது. எழுபதைத் தாண்டினவங்க இந்த மாநிலத்துல ஆயிரம் பேர் தேற மாட்டாங்க. அதுல ஒருத்தியை மேசையில உட்கார வெச்சா அது நாட்டுக்கு நஷ்டம். இதுல ஜாதி இல்ல, மதம் இல்ல, சிபாரிசு இல்ல. வெறும் உயிரியல். கோபப்படாம யோசி."

"உட்பணியில என்ன செய்வோம் சார்?"

"குழாய் அடைப்பு எடுக்கறது, வெல்டிங், சுத்தம் பண்றது. ரொம்பத் திறமையான வேலை."

"பிறகு எதுக்கு எனக்கு இயற்பியல்ல நூத்துக்கு நூறு?"

அவர் தேநீர் சாப்பிடச் சொன்னார். அவள் சாப்பிடவில்லை.

வெளியூர்ப் பிள்ளைகள் விடுதியில் தங்கியிருந்தார்கள். டெல்ஃபின் மட்டும் சாயந்தரம் வீட்டுக்கு நடந்து போனாள். நடையில் புழுதி பறந்தது. அப்பா பணி முடிந்து வந்து மரச்சீனிக் கிழங்கும் சிப்பிக் கறியும் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். செய்தி அதற்குள் வந்து சேர்ந்திருந்தது.

"தொண்ணூத்தொண்ணாமே மக்களே! எனக்க எழுபத்தி நால அடிச்சிட்டியே!"

"எப்பா, நான் கக்கூஸ் கழுவப் போகல்ல. உலை கட்டப் படிக்கப் போறேன்."

சேசடிமையின் கை தட்டிலேயே நின்றது. "நான் செய்யது கக்கூஸ் கழுவுத வேலையா?"

அவள் அப்படிச் சொல்லியிருக்கக் கூடாது. தெரிந்தே சொன்னாள். கோபம் வந்தால் அருகில் இருப்பவர் மேல்தானே விழும்? "நீங்க உள்ள போனா, வெளிய இருக்கவன் கண்ணாடி வழியாப் பாத்துக்கிட்டு நிக்கான். அந்தக் கண்ணாடிக்கு இந்தப் பக்கம் நம்ம ஊர்ல ஒருத்தர் உண்டா? ஒங்களுக்குக் கண்ணுல பூ விழுந்திருக்கு. நாப்பத்தஞ்சு வயசுல எந்த எஞ்சினியருக்குக் கண்ணு மங்கிச்சு?"

"கண்ணு எல்லாருக்கும் மங்கும். வேல இல்லாம இருந்தவனுக்குத் தெரியும் வேலைக்க அருமை. மொதல்ல எனக்கு எண்ணு பத்தாதுன்னு திருப்பி விட்டானுவ. பிறகு ஒம்பது வருசம் கழிச்சுத்தான் எடுத்தானுவ."

டெல்ஃபின் நிமிர்ந்தாள். "எண்ணு பத்தாதுன்னா?"

"நிலையம் தொறந்த புதுசுல ஊர்ல எல்லாருக்கும் சோதிச்சான். எனக்கு முப்பத்தெட்டு. அந்தக் காலத்து மிஷின், சரியில்ல. பிறகு புது மிஷின்ல பாத்தா எழுபத்தி நாலு."

"ஊர்ல மத்தவங்களுக்கு?"

"எல்லாருக்கும் அப்பிடித்தான். முப்பது, நாப்பது. பழைய மிஷினுதான மக்களே."

அவள் அதற்குமேல் சண்டை போடவில்லை. முற்றத்தில் போய் நின்றாள். ஆயிரம் வருடமாக உரமேறிய ரத்தம் என்றார்கள். ஆயிரம் வருடம் ஏறியது ஒன்பது வருடத்தில் எப்படி இரட்டிக்கும்? மிஷின் பொய் சொல்லியிருக்கலாம். அப்படியென்றால் எந்த மிஷின்? பழையதா, புதியதா? இரண்டு மீட்டர்கள் இரண்டு விதமாகக் காட்டினால் என்ன செய்ய வேண்டும் என்று அவளுக்குத் தெரியும். மூன்றாவது ஒன்றைப் பார்க்க வேண்டும்.

தேனிக்குப் போன் போட்டாள். அங்கே சித்தி வீட்டில் அவளுடைய இரட்டைப் பிறவி பிரீதா இருந்தாள். அச்சில் வார்த்ததுபோல் ஒரே முகம். மூச்சிழுப்பு வந்து கடற்காற்று ஒத்துக்கொள்ளாது என்று டாக்டர் சொன்னதால் எட்டு வயதில் அவளை அங்கே கொண்டு விட்டிருந்தார்கள். அம்மா இறந்தபோது வந்ததோடு சரி, பத்து நாள் சேர்ந்தாற்போல் அவள் கரும்பொழியில் தங்கியதில்லை.

"பிரீதா, இப்பவே பஸ் ஏறு. காலைல இங்க இருக்கணும்."

"என்னத்துக்குடி?"

"ஒரு சொட்டு ரத்தம் வேணும்."

மூன்றாம் நாள் நிறைவு விழா. ரத்தப் பரிசோதனைக்குப் பொறுப்பான டாக்டர் பார்கவியின் முன்னால் போய் நின்றாள் டெல்ஃபின். ஐம்பது வயதைத் தொட்ட, அதிகம் பேசாத பெண் அவர்.

"மேடம், மீட்பு எண் பிறவியிலேயே வர்றதுதானே? ரத்தத்துல எழுதியிருக்கிறதுதானே?"

"ஆமாம்மா. வாழ்நாள் முழுக்க மாறாது. அதனாலதான் ஒரு தடவை எடுத்தாப் போதும்னு விதி."

"எனக்கு ஒரு தங்கச்சி இருக்கா. ஒரே கருவிலேர்ந்து பிரிஞ்ச இரட்டை. அவளுக்கு எவ்வளவு வரணும்?"

"தொண்ணூற்றொன்று. ஒன்றிரண்டு முன்னே பின்னே."

"அவ ஒம்பது வருசமா தேனியில இருக்கா."

பார்கவி கையிலிருந்த ஊசிப் பெட்டியைக் கீழே வைத்தார். அவர் முகத்தில் ஏதோ ஒன்று மெல்ல இறங்கியதை டெல்ஃபின் பார்த்தாள். கேள்வி என்ன என்பது அவருக்குப் புரிந்துவிட்டது. பன்னிரண்டு வருடத்தில் யாரும் அந்தக் கேள்வியை அவரிடம் கேட்கவில்லை. அவரும் தன்னைத்தானே கேட்டுக்கொள்ளவில்லை.

"இயக்குநர்கிட்ட அனுமதி வாங்கணும்" என்றார் மெதுவாக.

கோதண்டபாணிக்கோ ஒரே சந்தோஷம். "இரட்டையரா? முதல்லயே சொல்லலையே! மேடைக்குக் கூப்பிடுங்க. இன்னொரு தொண்ணூறு! போட்டோகிராபர் எங்கே?"

பிரீதா பஸ்ஸில் வந்த சுடிதாரோடு மேடையேறினாள். டெல்ஃபின் பக்கத்தில் நின்றாள். இரண்டு முகங்களையும் பார்த்து அரங்கம் சிரித்தது, கைதட்டியது. மேற்கு வாசல் தொழிலாளிகளில் கொஞ்சம் பேரையும் அழைத்திருந்தார்கள். கடைசி வரிசையில் சேசடிமை உட்கார்ந்திருந்தார். பார்கவி விரல் நுனியில் குத்தி ஒரு சொட்டை எடுத்து மிஷினில் வைத்தார். திரையில் எண் வந்தது.

இருபத்தொன்பது.

தட்ட ஆரம்பித்த கைகள் பாதியில் நின்றன. "மிஷின் கோளாறு. இன்னொரு தடவை எடுங்க" என்றார் கோதண்டபாணி. எடுத்தார்கள். இருபத்தொன்பது. வேறு மிஷின் கொண்டுவந்தார்கள். முப்பது.

"மேடம்," டெல்ஃபின் ஒலிபெருக்கியைத் தேடவில்லை. அவளுடைய குரலே போதுமானதாக இருந்தது. "எனக்கும் இவளுக்கும் ஒரே ரத்தம். அப்ப நான் பொறந்தப்ப எனக்கும் இருபத்தொன்பதுதான். மிச்சம் அறுபத்திரண்டு எங்கேர்ந்து வந்தது?"

போட்டோகிராபர் கேமராவை இறக்கினார்.

"சொல்லுங்க. நான் உலைக்குள்ள போனதில்ல. முந்தாநாள்தான் இந்தக் கட்டடத்துக்குள்ளயே வந்தேன். வீட்டுல இருந்தேன், பள்ளிக்கூடம் போனேன், கடல்ல குளிச்சேன், சிப்பி தின்னேன். எங்கேர்ந்து வந்தது?"

"மேடம், அந்தப் பொண்ணைக் கீழே இறக்குங்க" என்றார் கோதண்டபாணி.

பார்கவி நகரவில்லை. திரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார், பாடம் நடத்துவதுபோல, ஆனால் குரல் தடுமாறியது. "உடம்பு கொஞ்சம் கொஞ்சமா அடி வாங்கிக்கிட்டே இருந்தா, சரிசெய்யற வேகத்தைக் கூட்டிக்கும். உழைச்ச கையில காய்ப்பு காய்க்கிற மாதிரி. நாம காய்ப்பைப் பார்த்துட்டு இது பிறவியிலேயே உரமான கைன்னு எழுதிட்டோம்." பிறகு இயக்குநர் பக்கம் திரும்பினார். "கடலுக்கு அடியில போற கழிவுநீர்க் குழாயைக் கடைசியா எப்ப சார் பார்த்தோம்?"

அரங்கத்தின் கடைசி வரிசையில் ஒரு நாற்காலி சாய்ந்து விழுந்தது. சேசடிமை எழுந்து வெளியே போய்க்கொண்டிருந்தார்.

அதன்பிறகு நடந்தவை டெல்ஃபின் எதிர்பார்த்ததுபோல் இல்லை. பார்கவி இரட்டையர் இருவரின் எண்களையும் எழுதிக் கையெழுத்துப் போட்டு மத்திய ஆய்வுக் குழுவுக்கு அனுப்பினார். அடுத்த மாதமே அவரை வடக்கே எங்கேயோ மாற்றினார்கள். ஆனால் காகிதம் போய்ச் சேர்ந்துவிட்டது. முங்கு நீச்சல்காரர்கள் இறங்கிப் பார்த்ததில், கரையிலிருந்து அரைக் கிலோமீட்டர் தூரத்தில் குழாய் விரிசல் விட்டிருந்தது. எத்தனை வருட விரிசல் என்று யாரும் உறுதியாகச் சொல்லவில்லை. குழாயை அடைத்தார்கள். சிப்பி எடுக்கத் தடை வந்தது. மீட்பு எண்ணை வைத்துப் படிப்பை ஒதுக்கும் விதி போனது. அடுத்த வருடம் மதிப்பெண்ணை வைத்தே டெல்ஃபின் உலை வடிவமைப்பில் சேர்ந்தாள்.

ஊர் அவளைக் கொண்டாடவில்லை. விரிசலை அடைத்ததும் கரும்பொழியில் எல்லோருடைய எண்ணும் இறங்க ஆரம்பித்தது. ஒன்றரை வருடத்தில் எழுபதுக்கு மேல் ஒருவரும் இல்லை. சட்டப்படி யாரையும் உள்ளே அனுப்ப முடியாது. மேற்கு வாசல் பூட்டப்பட்டது. தண்ணீர்க் குழாயடியில் பெண்கள் அவளுக்கு முதுகு காட்டினார்கள். கணவன் ஆன்றோஸை உட்பணிக்குப் பறிகொடுத்து, அதே வேலையில் மகனைச் சேர்த்திருந்த கிளாரம்மா, டெல்ஃபின் தன் வீட்டுக்கு வந்த அன்று அவள் முகத்துக்கு நேரே கதவை அடைத்தாள். "எங்க கஞ்சியில மண்ண போட்டுட்டு இங்க எதுக்குடி வாற?" என்ற குரல் மட்டும் உள்ளிருந்து வந்தது. சேசடிமை மகளோடு பேசுவதை நிறுத்தியிருந்தார். சோறு வைத்தால் சாப்பிட்டார். பார்வை முக்கால்வாசி போயிருந்தது. ஆபரேஷனுக்கு வரச் சொன்னால் சுவரைப் பார்த்துத் திரும்பிப் படுத்துக்கொண்டார்.

கோதண்டபாணி தொலைக்காட்சியில் வந்தார். "உலகத்துல எந்த இயந்திரமும் அந்த உட்பகுதி வேலையைச் செய்ய முடியாது. மனுஷக் கைதான் வேணும். உலைகளை மூட வேண்டிவரும். ஐந்து மாவட்டம் இருட்டாகும்" என்றார். சொன்னபோது கண்கலங்கினார்.

எட்டே மாதத்தில் இயந்திரம் வந்தது.

நண்டு போல, எட்டுக் காலும் இரண்டு கையுமாக ஒரு கருவி. குழாய்க்குள் ஊர்ந்து போனது, அடைப்பை எடுத்தது, வெல்டிங் வைத்தது. உலைகள் ஓடின. ஒரு மாவட்டமும் இருட்டாகவில்லை. இவ்வளவு சீக்கிரத்தில் எப்படிச் செய்தார்கள் என்று செய்தித்தாள்கள் வியந்தன. டெல்ஃபினும் வியந்தாள். தான் இத்தனை காலம் கோபப்பட்டது தப்போ, இவர்கள் உண்மையிலேயே கெட்டிக்காரர்கள்தானோ என்றுகூட ஒரு வாரம் நினைத்தாள்.

இரண்டாம் ஆண்டில் அந்த இயந்திரத்தையே பாடமாக வைத்தார்கள். மூல வரைபடங்கள் நூலகத்தில் இருக்கின்றன, பார்த்துக் குறிப்பெடுத்து வாருங்கள் என்றார் ஆசிரியர். டெல்ஃபின் சுருளைப் பிரித்தாள். எட்டுக் கால், இரண்டு கை. எல்லாம் அப்படியே இருந்தது. மூலையில் தேதியைப் பார்த்தாள். திரும்பவும் பார்த்தாள். பதினைந்து வருடங்களுக்கு முந்தைய ஜூன் மாதம். அப்பா முதல்முதலாக மேற்கு வாசல் வழியாக வேலைக்குப் போன ஜூன்.

தேதிக்குக் கீழே ஒரு ரப்பர் முத்திரை: 'இயந்திரம் தேவையில்லை. ஆட்கள் உண்டு.' அதனுடன் ஒரு தாள் இணைக்கப்பட்டிருந்தது. நாற்பத்து மூன்று பெயர்கள், ஒவ்வொன்றுக்கும் எதிரே ஓர் எண்.

அவள் கத்தவில்லை, அழவும் இல்லை. தாளை நகலெடுத்துக்கொண்டு, வகுப்புக்குப் போகாமல் பஸ் ஏறினாள்.

சேசடிமை கட்டிலில் உட்கார்ந்திருந்தார். நடு மத்தியானம். அவள் வந்தது காலடியில் தெரிந்திருக்கும், முகத்தைத் திருப்பவில்லை. டெல்ஃபின் எதிரே தரையில் உட்கார்ந்து, வரைபடத்தில் என்ன இருந்தது, முத்திரையில் என்ன இருந்தது என்று ஒன்று விடாமல் சொன்னாள்.

"அந்தப் பேருவள வாசி" என்றார் அவர். ஒன்றரை வருடத்தில் அவளிடம் பேசிய முதல் பேச்சு.

"ஒண்ணு, ஆன்றோஸ். எழுபத்தொம்பது."

"கழுத்துல கட்டி வந்து செத்தான். அடுத்தது."

"ரெண்டு, தொபியாஸ். எழுபத்தொண்ணு."

"இருக்கான். மகளுக்க வீட்டுல கிடக்கான்."

"மூணு." விரலை அடுத்த வரிக்கு நகர்த்தினாள். "சேசடிமை. எழுபத்தி நாலு."

வெளியே யாரோ வலையை உதறும் சத்தம் கேட்டது. "இருக்கான்" என்றார் அப்பா.

நாற்பத்து மூன்று பெயர்களையும் வாசித்தாள். பத்தொன்பது பேருக்கு 'இருக்கான்' என்றார். கடைசிப் பெயர் முடிந்ததும் எழுந்து கொடியைத் தடவிச் சட்டையை எடுத்தார். பொத்தான்களை மாற்றிப் போட்டார். அவள் அவிழ்த்துச் சரியாகப் போட்டுவிட்டாள்.

"எங்கப்பா?"

"எல்லா வீட்டுக்கும். ஆட்கள் உண்டுன்னு எழுதினவன் நம்மகிட்ட வரமாட்டான். நாமதான் போய்ச் சொல்லணும். கையப் பிடி, எனக்குப் படி தெரியாது."

முதலில் கிளாரம்மாவின் வீடு. கதவைத் திறந்தவள் டெல்ஃபினைக் கண்டதும் அடைக்கப் போனாள். சேசடிமை இடையில் காலை வைத்தார். கதவு அவர் பாதத்தில் இடித்து நின்றது. அவர் எடுக்கவில்லை.

"கிளாரம்மா, ஒரு கடுதாசி இருக்கு. கேளு. கேட்ட பிறகும் அடைக்கணும்னு தோணிச்சின்னா அடை."

கதவுக்கும் நிலைக்கும் இடையில் அவள் முகம் பாதி தெரிந்தது. டெல்ஃபின் தாளை விரித்து முதல் பெயரை வாசித்தாள்.